ஒளியைப் பிரித்தெடுத்தவர்கள்: மானி சமயத்தின் வரலாறு

கி.பி. மூன்றாம் நூற்றாண்டில் டைகிரிஸ், யூப்ரடீஸ் ஆறுகளுக்கு இடைப்பட்ட பாபிலோனிய நிலத்தில் யூதர், கிறித்தவர், சரதுஷ்டிரரின் வழிவந்தோர், பழைய பாபிலோனியத் தெய்வங்களை வணங்கியோர் எனப் பல சமயத்தார் அருகருகே வாழ்ந்தனர். அந்நிலத்தில் 216-ஆம் ஆண்டில் பிறந்த மானி தோற்றுவித்த சமயம், உலகில் உள்ள அனைத்தையும் ஒளி, இருள் என்னும் இரு மூலங்களைக் கொண்டு விளக்கியது. மேற்கே வட ஆப்பிரிக்கா முதல் கிழக்கே சீனத்தின் ஃபூஜியன் கடற்கரை வரை பரவி, ஆயிரம் ஆண்டுகளுக்கும் மேலாக நிலைத்தது. அதன் பகைவர்கள் எழுதிவைத்த மறுப்புகளின் வழியாகவே உலகம் அதை நெடுங்காலம் அறிந்திருந்தது; அச்சமயத்தார் தாமே எழுதிய நூல்கள் பெரும்பாலும் இருபதாம் நூற்றாண்டில்தான் எகிப்தின் மணலிலிருந்தும் நடு ஆசியாவின் இடிபாடுகளிலிருந்தும் வெளிவந்தன.

ஒளியும் இருளும் ஒன்றையொன்று நிறைவு செய்பவை, இரண்டும் சரிசமமாக நின்றால்தான் உலகம் நிலைபெறும் என்னும் எண்ணம் இக்கால மிகுபுனைவுக் கதைகளில் பெரிதும் பயின்று வருவதால், மானியின் போதனையையும் அதே வரிசையில் வைத்துவிடுவோர் உண்டு. அது அவருடைய சமயத்தைத் தலைகீழாகப் புரிந்துகொள்வதாகும். ஒளியும் இருளும் கலந்து கிடப்பதுதான் மானியின் பார்வையில் உலகின் நோய். இரண்டும் இணங்கி வாழும் நிலையை அவர் ஒருநாளும் விரும்பவில்லை. கலந்ததைப் பிரிக்க வேண்டும், பிரித்தபின் அவை மீண்டும் கலக்காதபடி காக்க வேண்டும் என்பதே அவர் வகுத்த வழி. அந்தப் பிரிப்பு வேலை நாள்தோறும் நடந்த இடம் உணவுப் பந்தி என்பதுதான் இச்சமய வரலாற்றில் மிகவும் வியப்புக்குரியது. அதன் வளர்ச்சியையும் தளர்ச்சியையும் அந்தப் பந்தியை விட்டு விலகிப் புரிந்துகொள்ள முடியாது.

மானியின் தந்தை பாத்திக் ஹமதான் நகரைச் சேர்ந்தவர். இறைச்சி உண்ணாதே, மது அருந்தாதே, பெண்ணோடு கூடாதே என்று கோயிலொன்றில் தமக்குக் கேட்ட குரலுக்குப் பணிந்து அவர் இல்லத்தைத் துறந்தார் என்று பத்தாம் நூற்றாண்டில் பாக்தாதில் வாழ்ந்த நூற்பட்டியல் ஆசிரியர் இப்னு அல்-நதீம் பதிவு செய்துள்ளார். பாத்திக் சேர்ந்த கூட்டத்தினர், எல்கசாய் என்பவரை முன்னோடியாகக் கொண்டு, நீராடுதலே தூய்மைக்கு வழி என்று நம்பிய யூத-கிறித்தவ மரபினர். தம் உடலை நீரில் நனைத்ததோடு, உண்ணும் காய்கறிகளையும் சடங்காக நீரில் முழுக்கித் தூய்மை செய்தனர். மானி சிறு வயதிலிருந்து இருபத்து நான்காம் வயது வரை இவர்களிடையே வளர்ந்தார்.

அந்த இளமைக் காலத்தைப் பற்றி நம்பத்தக்க செய்தி எதுவும் கிடைக்காதிருந்த நிலையை, ஜெர்மனியின் கொலோன் பல்கலைக்கழகத்தில் உள்ள கிரேக்கத் தோல் சுவடி ஒன்று மாற்றியது. ஏறத்தாழ நான்கரை சென்டிமீட்டர் உயரமும் மூன்றரை சென்டிமீட்டர் அகலமும் மட்டுமே கொண்ட, உள்ளங்கைக்குள் அடங்கிவிடும் இச்சிறு நூலை ஆல்பர்ட் ஹென்றிக்ஸ், லுட்விக் கோனென் என்னும் இரு அறிஞர்கள் 1970-இல் ஆய்வுலகுக்கு அறிவித்தனர். மானி தம் வாழ்க்கையைத் தாமே சொல்வதுபோல் அமைந்த இந்நூலில், அவருக்கும் நீராடும் கூட்டத்தாருக்கும் இடையே மூண்ட பிணக்கு காய்கறியைப் பற்றியதாகவே இருக்கிறது. தோட்டத்தில் கீரையைத் தாமே பறிக்க மானி மறுக்கிறார்; பிறர் பறித்ததை ஈகையாகத் தந்தால் மட்டும் ஏற்கிறார். ஈச்ச மரத்தில் ஏறியவனிடம் அந்த மரமே தன்னை வருத்த வேண்டாம் என்று பேசுவதாகவும், வெட்டப்படும் செடிகள் மனிதரைப்போல் குருதி சிந்துவதாகவும் அதில் கதைகள் வருகின்றன.

இவற்றை முன்வைத்து மானி எழுப்பிய வாதம் கூர்மையானது. கழுவி உண்ட உணவும் கழுவாது உண்ட உணவும் உடலுக்குள் சென்றபின் ஒரே வகையான கழிவாகத்தான் வெளியேறுகின்றன. நாள்தோறும் நீராடினாலும் உடல் மறுநாள் மீண்டும் அழுக்காகிறது. ஆகவே நீரால் வரும் தூய்மை தூய்மையே அன்று, ஒளியை இருளிலிருந்து பிரித்தறியும் ஞானத்தால் வருவதே தூய்மை என்று அவர் உரைத்தார். பன்னிரண்டாம் வயதிலும் இருபத்து நான்காம் வயதிலும் தம் விண்ணுலக இரட்டையர் தமக்குத் தோன்றி இவ்வறிவை அருளியதாக அவர் சொன்னார். கூட்டத்தார் அவரைத் தாக்கி விலக்கியபோது இருவர் மட்டுமே அவருடன் வெளியேறினர்.

அவர் வகுத்த உலகத் தோற்றக் கதை மூன்று காலங்களாக அமைந்தது. முதற் காலத்தில் ஒளியுலகமும் இருளுலகமும் தனித்தனியே இருந்தன. ஒளியுலகை மகத்துவத்தின் தந்தை ஆண்டார், புகையும் தீயும் நிறைந்த இருளுலகை அதன் வேந்தன் ஆண்டான். இரண்டாம் காலம் இருளின் படையெடுப்பில் தொடங்குகிறது. அதை எதிர்க்க ஒளியிலிருந்து அனுப்பப்பட்ட ஆதி மனிதன் தோற்று வீழ்ந்தான். அவன் கவசமாக அணிந்திருந்த வளி, காற்று, ஒளி, நீர், தீ என்னும் ஐந்து ஒளிக் கூறுகளையும் இருளின் படையினர் விழுங்கினர். ஆதி மனிதன் மீட்கப்பட்டான், ஆனால் விழுங்கப்பட்ட ஒளி உள்ளேயே தங்கிவிட்டது. அதை வெளிக்கொணர்வதற்கான பொறியாகவே வீழ்த்தப்பட்ட இருட்படையினரின் உடல்களைக் கொண்டு பத்து வானங்களும் எட்டு நிலங்களும் படைக்கப்பட்டன. மானியின் உலகம் ஒரு மீட்புக் கருவி. விடுபட்ட ஒளி பால்வீதி வழியே மேலேறுகிறது; நிலவு என்னும் கலம் பதினைந்து நாள் அந்த ஒளியால் நிரம்பி, அடுத்த பதினைந்து நாளில் அதைக் கதிரவனிடம் ஒப்படைத்துத் தேய்கிறது. எல்லா ஒளியும் மீண்டபின் 1,468 ஆண்டுகள் உலகை எரிக்கும் தீ மூளும். அதன்பின் வரும் மூன்றாம் காலத்தில் இருள் என்றென்றைக்குமாகச் சிறைப்படும். விழுங்கப்பட்ட ஒளியில் ஒரு சிறு பகுதி திரும்பாமலே போகலாம் என்ற துயரமும் இக்கதையில் உண்டு. வெற்றி முழுமையானது என்று எளிதாகச் சொல்லிவிடாத இந்த நேர்மை இச்சமயத்தின் மதிப்பைக் கூட்டுகிறது.

மரங்களிலும் செடிகளிலும் காய்களிலும் சிறைப்பட்டிருக்கும் ஒளியை மேற்கத்திய மானி சமயத்தார் ஒவ்வொரு மரத்திலும் அறையப்பட்டுத் துன்புறும் இயேசு என்று அழைத்தனர். அப்படியானால் மனிதன் எதைத்தான் உண்பது என்ற கேள்வி எழுந்தே தீரும். இதற்கு விடையாகச் சமயத்தார் இரு நிலையினராகப் பிரிந்தனர். முதல் நிலையினரான ‘தேர்ந்தோர்’ முழுத் துறவியர். அவர்கள் உயிர்க்கொலை செய்யார், செடியைப் பறியார், மணம் புரியார், ஒரு நாள் உணவுக்கும் ஓர் ஆண்டு உடைக்கும் மேல் எதையும் உடைமையாகக் கொள்ளார். இறைச்சியையும் மதுவையும் தொடாமல், நாளுக்கு ஒருவேளை மட்டும் உண்டனர். இரண்டாம் நிலையினரான ‘கேட்போர்’ இல்லறத்தில் இருந்து, உழுது, வணிகம் செய்து, பிள்ளை பெற்று, தேர்ந்தோருக்கு வேண்டிய உணவைத் தேடிக் கொடுத்தனர். சமணத்திலும் பௌத்தத்திலும் துறவியரையும் இல்லறத்தாரையும் பிணைத்த ஈகை முறையை அறிந்த தமிழ் வாசகருக்கு இவ்வமைப்பு அயலானதாகத் தோன்றாது. மானி இந்தியா சென்று மறுபிறவிக் கொள்கையைக் கற்றுத் தம் சமயத்தில் சேர்த்துக்கொண்டார் என்று அறிஞர் அல்-பிரூனி எழுதியிருப்பதும் இங்கே கருதத்தக்கது.

எனினும் ஒரு வேறுபாடு அடிப்படையானது. பௌத்தத் துறவிக்கு உணவு உயிரைத் தாங்கும் துணை மட்டுமே. மானி சமயத் துறவிக்கோ உண்பதே வழிபாடு. தயிரைக் கடைந்து வெண்ணெயைத் திரட்டுவதுபோல், முலாம்பழத்திலும் வெள்ளரியிலும் திராட்சையிலும் கலந்து கிடக்கும் ஒளியைத் தேர்ந்தோரின் தூய உடல் திரட்டி, பாடலாகவும் வேண்டுதலாகவும் மேலே அனுப்பியது. கேட்போரின் நிலை இதில் மிகவும் கடினமானது. செடியைப் பறித்த பாவம் அவர்களுடையது, அப்பறிப்பால் விளைந்த மீட்பு மற்றவருடையது. ஈகையாகத் தந்த உணவுக்காகத் தேர்ந்தோர் வேண்டும்போது அந்தப் பாவம் மன்னிக்கப்படும் என்றும், அடுத்தடுத்த பிறவிகளில் கேட்போரும் தேர்ந்தோராவர் என்றும் சமயம் ஆறுதல் கூறியது. தம் பசிக்காகப் பிறர் செய்யும் வன்முறையைத் துறவு ஒருபோதும் முற்றிலும் துறந்துவிட முடியாது என்ற உண்மையை, வேறெந்தச் சமயத்தையும்விட மானி சமயம் வெளிப்படையாக ஏற்று, அதற்கு ஒரு கணக்கையும் வைத்தது என்று சொல்லலாம்.

240-ஐ ஒட்டிய ஆண்டுகளில் மானி கப்பலேறி இந்தியாவின் வடமேற்குக் கரைக்குச் சென்று திரும்பினார். பின்னர் சாசானியப் பேரரசர் முதலாம் ஷாபூரைச் சந்தித்து, பேரரசு முழுவதும் போதிக்க இசைவு பெற்றார். தமக்கு முன் இந்தியாவில் புத்தரும் பாரசீகத்தில் சரதுஷ்டிரரும் மேற்கில் இயேசுவும் ஒரே உண்மையைப் போதித்தனர் என்றும், அவர்கள் தம் போதனையைத் தாமே எழுதிவைக்காததால் அது சிதைந்தது என்றும் அவர் கருதினார். ஆகவே அரமேய மொழியில் பல நூல்களையும், ஷாபூருக்காக நடுப் பாரசீக மொழியில் ‘ஷாபூரகான்’ என்னும் நூலையும் தாமே எழுதினார். எழுத்தறியாதோருக்காக ஓவிய நூல் ஒன்றையும் படைத்தார். முதலாம் பஹ்ராமின் ஆட்சியில் சரதுஷ்டிர சமயத் தலைவரான கர்தீரின் கை ஓங்கியபோது, மானி குந்தேஷாபூர் நகரில் கனத்த விலங்குகள் பூட்டப்பட்டு, சிறையிலேயே மாண்டார். அது 274-ஆம் ஆண்டிலோ 277-ஆம் ஆண்டிலோ நிகழ்ந்தது. அவர் இறந்த நாளை நினைவுகூரும் பேமா விழாவில் படிகள் அமைந்த வெறும் அரியணை ஒன்றை நிறுவி, அதன் முன் கூடி வேண்டுவது சமயத்தாரின் தலையாய வழக்கமாயிற்று.

ரோமானியப் பேரரசில் இச்சமயம் பகை நாடான பாரசீகத்தின் நஞ்சாகப் பார்க்கப்பட்டது. 302-இல் பேரரசர் தியோக்கிளேசியன் பிறப்பித்த ஆணை, அதன் தலைவர்களை அவர்களுடைய நூல்களோடு சேர்த்து எரிக்குமாறு கூறியது. அதற்குப் பின்னும் சமயம் மறையவில்லை. பிற்காலத்தில் கிறித்தவ இறையியலின் தூணாக விளங்கிய அகுஸ்தீன், இளமையில் ஏறத்தாழ ஒன்பது ஆண்டுகள் கேட்போருள் ஒருவராக இருந்தார். கிரகணங்களை வானியலார் பிழையின்றி முன்கணித்ததையும், நிலவு ஒளியைச் சுமக்கும் கலம் என்ற மானியின் விளக்கத்தையும் ஒப்பிட்டு அவர் ஐயமுற்றார். புகழ்பெற்ற ஆசான் ஃபாவுஸ்துஸ் வந்தால் ஐயம் தீரும் என்று காத்திருந்தார். ஃபாவுஸ்துஸ் அக்கேள்விகளுக்குத் தம்மிடம் விடை இல்லை என்று ஒப்புக்கொண்டார். சமயத்தை விட்டபின் அகுஸ்தீன் எழுதிய மறுப்புகளில், பறித்த அத்திப்பழம் அழும் என்று நம்பியதையும் தேர்ந்தோர் உண்டு ஒளியை விடுவிப்பதையும் கடுமையாகச் சாடினார். அவருடைய எழுத்தாற்றல் பெரிது. அதனாலேயே அம்மக்களின் அன்றாட வாழ்வு ஆயிரத்தைந்நூறு ஆண்டுகள் அவருடைய ஏளனத்தின் பின்னே மறைந்து கிடந்தது.

அந்த வாழ்வை மீட்டுத் தந்தது எகிப்தின் தாக்லா பாலைவனச் சோலையில் இருந்த கெல்லிஸ் என்னும் சிற்றூர். நான்காம் நூற்றாண்டின் இறுதியில் மக்கள் கைவிட்டுச் சென்ற அவ்வூரின் வீடுகளை அகழ்ந்தபோது, காப்டிக், கிரேக்கம் ஆகிய மொழிகளில் எழுதப்பட்ட மானி சமயப் பாடல்களும் குடும்பக் கடிதங்களும் கிடைத்தன. மகாரியோஸ் என்பவர் நைல் கரையிலிருந்து வீட்டாருக்கு எழுதிய கடிதங்களில், மகன் மத்தாயோஸ் பாடங்களைப் படித்து, நூல்களைப் படியெடுத்துப் பழக வேண்டும் என்ற அக்கறை தெரிகிறது. மற்றொரு மகன் சமயத்தின் பெருங்குருவோடு பயணம் செய்து இலத்தீன் கற்கிறான். தேர்ந்தோருள் ஒருவர் ஊரிலுள்ள பெண்களை ஒளியறிவின் மகள்கள் என்று போற்றி, எண்ணெய் அனுப்பும்படி கேட்கிறார். மாபெரும் உலகக் கதையின் மறுமுனை இந்த எண்ணெய்க் குடுவைதான்.

இஸ்லாமிய ஆட்சியின் தொடக்கத்தில் ஈராக்கில் ஓரளவு அமைதியாக வாழ்ந்த மானி சமயத்தார், எட்டாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் அப்பாசிய கலீபா அல்-மஹ்தி அவர்களைத் தேடிப்பிடிக்கத் தனி அதிகாரியை அமர்த்தியபின் சிதறினர். பாக்தாதில் ஒரு காலத்தில் தாம் அறிந்திருந்த முந்நூறு பேரில், பத்தாம் நூற்றாண்டின் இறுதியில் ஐவர்கூட எஞ்சவில்லை என்று இப்னு அல்-நதீம் எழுதுகிறார்.

கிழக்கில் நிலைமை வேறாக இருந்தது. பட்டுப் பாதையில் வணிகம் செய்த சொக்தியர்கள் இச்சமயத்தைச் சுமந்து சென்றனர். 762-இல் சீன அரசுக்கு உதவியாகப் படையுடன் லூவோயாங் நகருக்கு வந்த உய்குர் மன்னர் போகு ககான், அங்கே மானி சமயத் துறவியரைச் சந்தித்து, நால்வரைத் தம் நாட்டுக்கு அழைத்துச் சென்றார். மானி சமயம் ஓர் அரசின் சமயமானது அந்த ஒருமுறைதான். காராபல்காசுன் நகரில் மூன்று மொழிகளில் பொறிக்கப்பட்ட கல்வெட்டு, குருதி மணந்த நாடு காய்கறி உண்ணும் நாடாக மாறியதைப் பெருமையோடு கூறுகிறது. குதிரையும் ஆடும் வளர்த்த புல்வெளி மக்கள் அனைவரும் ஊனுணவை விட்டுவிட்டனர் என்று இதற்குப் பொருள் கொள்ள வேண்டியதில்லை. ஆட்சியின் கொடையை ஒரு கல்வெட்டு உணவின் மொழியில் பேசியது என்பதே முதன்மையானது.

840-இல் கிர்கிசியர் உய்குர் பேரரசை வீழ்த்தினர். உய்குர்களில் ஒரு பிரிவினர் துர்பான் வடிநிலத்தில் கோச்சோ அரசை அமைத்தனர். 1902 முதல் 1914 வரை நான்குமுறை அங்கு சென்ற ஜெர்மானியக் குழுக்கள் கொணர்ந்த ஏட்டுத் துண்டுகளில் மானி சமய நூல்கள் இருப்பதை 1904-இல் எஃப்.டபிள்யூ.கே. முல்லர் படித்தறிந்தார். அக்குழுக்களில் இருந்த ஆல்பர்ட் ஃபொன் லெ கோக் கோச்சோவில் ஒரு நூலகத்தைத் திறந்தபோது, பாசன நீர் புகுந்து ஏடுகள் சேற்றுக் கட்டிகளாகியிருந்தன. ஐந்து வண்டி நிறைய ஏடுகளைச் சில ஆண்டுகளுக்கு முன் அச்சத்தால் ஆற்றில் கொட்டியதாக உழவர் ஒருவரும் அவரிடம் கூறினார். எஞ்சியவற்றுள் பேமா விழாவைக் காட்டும் வண்ண ஓவியம் ஒன்றில், வெள்ளை உடை அணிந்த தேர்ந்தோருக்கு முன்னே முக்காலிக் கிண்ணத்தில் முலாம்பழமும் திராட்சையும் குவிந்திருக்கின்றன. கோச்சோவின் மடம் ஒன்றுக்காக உய்குர் மொழியில் எழுதப்பட்ட நிருவாக ஆவணம், தேர்ந்தோருக்கு நாள்தோறும் வழங்க வேண்டிய கோதுமையையும் முலாம்பழங்களையும் அளவிட்டு வகுத்துள்ளது. துன்புறும் ஒளியை மீட்கும் கடமை அரசின் கணக்கேட்டில் ஏறியது. அரசு பௌத்தத்தின் பக்கம் சாய்ந்தபோது அந்தக் கடமையைத் தாங்க வேறு கை இல்லாமல் போயிற்று. கெல்லிஸின் குடும்பங்கள் தடைகளுக்கு இடையிலும் தேர்ந்தோரை ஊட்டிக் காத்ததை நினைத்தால், அரசின் ஆதரவு இச்சமயத்துக்கு வலிமையைவிட நொய்மையையே தந்தது எனத் தோன்றுகிறது.

சீனத்தில் 694-இல் பாரசீகத்திலிருந்து வந்த குரு ஒருவர் இரு மூலங்களைப் பற்றிய நூலைப் பேரரசி வூவின் அரசவைக்குக் கொணர்ந்தார். 732-இல் வந்த ஆணை சீனருக்கு இச்சமயத்தைத் தடுத்து, அயலாருக்கு மட்டும் இசைந்தது. உய்குர்களின் வலிமை குன்றியதும் தாங் அரசு இச்சமயத்தின் மீது பாய்ந்தது. 843-இல் மானி சமயத் துறவியரின் தலையை மழித்து, பௌத்தத் துறவியர்போல் உடுத்திக் கொல்லுமாறு ஆணை பிறந்ததை, அப்போது சீனத்தில் தங்கியிருந்த ஜப்பானியத் துறவி என்னின் தம் நாட்குறிப்பில் எழுதியுள்ளார்.

தப்பியோர் வழியாகத் தென்கிழக்கே ஃபூஜியன் பகுதியில் வேரூன்றிய இச்சமயம், ஒளி மார்க்கம் என்ற பெயரில் பௌத்தம், தாவோயியம் ஆகியவற்றின் வடிவங்களை ஏற்று வளர்ந்தது. சோங் அரசின் அதிகாரிகள் ஐயத்துக்குரிய இத்தகைய கூட்டங்களைக் காய்கறி தின்று பேயை வழிபடுவோர் என்று முத்திரை குத்தி ஒடுக்கினர். உணவு இங்கே குற்றத்தின் அடையாளமாயிற்று. கடல்வழி வந்த பல நாட்டு வணிகர் கூடிய சுவான்சௌ துறைமுகத்தில்தான் இச்சமயத்தின் கடைசிப் பெருஞ்சின்னம் எஞ்சியுள்ளது. தமிழ் வணிகர்கள் 1281-இல் தமிழில் கல்வெட்டுப் பொறித்து, சிவன் கோயில் எழுப்பிய அதே சுவான்சௌவை அடுத்த ஜின்ஜியாங்கில், ஹுவாபியாவோ குன்றின் சரிவில் சாவ்ஆன் என்னும் சிறு கோயில் நிற்கிறது. 1339-ஐச் சேர்ந்த அதன் கல்வெட்டுகள் மறைந்த பெற்றோரின் நற்கதியை வேண்டிச் செய்த கொடையைக் கூறுகின்றன. பாறையில் செதுக்கப்பட்ட ஒளிப் புத்தரான மானி, முதுகுக்குப் பின்னே கதிர்கள் விரிய, நீண்ட தாடியுடன் அமர்ந்திருக்கிறார்.

காலப்போக்கில் அக்கோயில் பௌத்தர் கைக்கு வந்தது. 1930களில் புகழ்பெற்ற பௌத்தத் துறவி ஹோங்யி அங்கே தங்கியிருந்தார். ஊரார் மானியைத் தங்கள் புத்தர்களுள் ஒருவராக வணங்கியதால் சிலைக்குத் தீங்கு நேரவில்லை. சுவான்சௌ நகரின் 22 வரலாற்றுச் சின்னங்கள் 2021-இல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தபோது சாவ்ஆனும் அவற்றுள் ஒன்றாக இடம்பெற்றது.